இருபத்தைந்து எழுத்து

ஹஜ்ஜுப் பெருநாளுக்குப் பத்து நாள் இருக்கும்போது கொழும்பிலிருந்து அந்தப் பெட்டி வந்தது. லொறிக்காரன் அதைக் கடை வாசலில் இறக்கிவிட்டு, கையெழுத்து வாங்கிக்கொண்டு போய்விட்டான். பிரித்துப் பார்த்தால் உள்ளே அறுபது கேம் செட். உள்ளங்கையில் அடங்குகிற சீனாச் சாமான், பிள்ளைகளுக்குப் பெருநாள் பரிசாக நன்றாகப் போகும் என்று நாங்கள்தான் எடுப்பித்திருந்தோம்.

கல்முனை பஸாரிலிருந்து கடற்கரைப் பக்கம் இறங்குகிற ஒரு ஒழுங்கையில் எங்கள் போன் திருத்தும் கடை இருக்கிறது. எங்கள் என்றால் நானும் என் மச்சான் ஜவுபரும். என் தங்கச்சி றுஸ்தாவைக் கட்டியவன் அவன். தொழில் தெரிந்த கை அவனுடையது. ஆட்களோடு மல்லுக்கட்டுகிற வாய் என்னுடையது. என் பெயர் அஸ்கி. எனக்குப் பொறுமை கிடையாது என்று ஊரில் சொல்வார்கள், அது உண்மைதான்.

அந்தச் செட்டுகளுக்குச் சொந்தமாக ஒரு கேமும் தெரியாது. பழைய கருவிகளைப் போல நடிக்கத் தெரியும், அவ்வளவுதான். அப்படி நடிப்பதற்கு அந்தப் பழைய கருவியின் பயோஸ் பைல் வேண்டும். கருவியைப் போட்டவுடன் முதலில் ஓடுவது அதுதான். திரை எங்கே, பொத்தான் எங்கே, சொந்தக்காரர் யார் என்பதெல்லாம் அதற்குள் இருக்கும். அது இல்லாவிட்டால் எந்தக் கேமும் எழும்பாது.

பிள்ளைகள் அதிகம் கேட்பது இரண்டு திரையுள்ள மடிப்புக் கருவியின் கேம்கள். ஜவுபர் இணையத்தில் இறக்கிய பயோஸ் பைல்கள் எதுவும் சரிவரவில்லை. வெள்ளைத் திரையோடு நின்றுவிட்டன. அசல் கருவி ஒன்றிலிருந்து நாமே எடுத்தால்தான் சரிவரும் என்றான். சொல்லிக்கொண்டே மேசைக்கடியில் கிடந்த அட்டைப் பெட்டியை இழுத்தான்.

திருத்தக் கொடுத்துவிட்டு ஆட்கள் எடுக்க வராத சாமான்களை அதில்தான் போடுவோம். மூன்று மாதத்துக்குள் எடுக்காவிட்டால் கடை பொறுப்பல்ல என்று சுவரில் ஒட்டியிருக்கிறோம். அதன்பிறகு அதில் கைவைக்க எங்களுக்குக் கூச்சம் இருப்பதில்லை. அவன் எடுத்தது ஒரு வெளிர்நீலக் கருவி.

"அது கமீலாட சாமான். வை அங்கால" என்றேன்.

"மௌத்தான ஆளுக்கு இனி என்னத்துக்கு மச்சான்? பைல மட்டும் எடுத்துட்டு வச்சிருவன்."

இந்த இடத்தில் கமீலாவின் கதையைச் சொல்லத்தான் வேண்டும். சொல்ல எனக்கு விருப்பமில்லை.

எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போய்க் குடியிருப்பான். பெண்ணுக்கென்று பெற்றவர்கள் வீடு கட்டிக் கொடுப்பார்கள். மதிலுக்கு அந்தப் பக்கம் உம்மா, இந்தப் பக்கம் மூத்தவள் ராத்தா. ஒருத்தன் கை ஓங்கினால் நாலு வீட்டுக்குக் கேட்கும். கமீலாவைக் கட்டிய றிஸ்மி, சீதன வீடு வேண்டாம் என்று சொன்னவன். மாப்பிள்ளை என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று ஊரே மெச்சியது. சம்மாந்துறையில் அவளுக்காகக் கட்டிய வீடு பூட்டிக் கிடக்க, அவளைக் கல்முனையில் உயர்ந்த மதிலுள்ள வாடகை வீடொன்றுக்குக் கூட்டி வந்தான். அவளுக்குப் போன் இல்லை. அவன் இல்லாமல் அவள் வெளியே போவதுமில்லை.

இரண்டு வருசத்துக்கு முன் ஒரு பகலில் அவள் கடைக்கு வந்தாள். றிஸ்மி வெளியே மோட்டார் சைக்கிளில் இருந்து யாருடனோ போனில் கதைத்துக்கொண்டிருந்தான். அவள் இந்தக் கருவியை மேசையில் வைத்து, வேலை செய்யவில்லை, நீங்களே திறந்து பாருங்கள் என்றாள். "நீங்களே" என்பதை இரண்டு தரம் சொன்னாள். போய்விட்டாள்.

ஜவுபர் திறந்தான். அதில் ஒரு பழுதும் இல்லை. மேல் திரையில் அவளுடைய பெயர், பெயருக்குக் கீழே சொந்தக்காரர் எழுதிவைக்கிற ஒரு வரி. ஆங்கில எழுத்தில் தமிழை எழுதியிருந்தாள்.

அடிக்கிறான் உம்மாக்கு சொல்லுங்க.

அந்த வரிக்குக் கருவி தருவது இருபத்தாறு எழுத்துக்கான இடம். இடைவெளிகளையும் சேர்த்து அவள் இருபத்தைந்தில் முடித்திருந்தாள். எத்தனை தரம் எழுதி அழித்து எண்ணியிருப்பாளோ தெரியாது.

குடும்ப விசயம், நமக்கெதற்கு என்று சொன்னது நான்தான். இதை மறைத்துக் கதை சொல்ல நான் விரும்பவில்லை. ஜவுபர் மூன்று நாள் அதையே யோசித்துக்கொண்டிருந்தான். நாலாம் நாள் றிஸ்மி கருவியை எடுக்க வந்தபோது, அவனிடமே அந்த வரியைக் காட்டினான். பள்ளியில் முன்வரிசையில் தொழுகிற மனிசன், வெட்கப்பட்டுத் திருந்திவிடுவான் என்று ஜவுபர் நினைத்திருக்கிறான். றிஸ்மி வாசித்துவிட்டுச் சிரித்தான். பகிடிக்காரி என்றான். இது இங்கேயே கிடக்கட்டும், பிறகு எடுக்கிறேன் என்று சொல்லிவிட்டுப் போனான்.

மூன்றாம் நாள் கமீலாவின் ஜனாஸா. கிணற்றடியில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னார்கள். அன்றே, பின்னேர அஸர் தொழுகைக்கு முன் அடக்கிவிட்டார்கள். ஜனாஸாத் தொழுகையில் ஜவுபரும் நானும் பக்கத்துப் பக்கத்தில் நின்றோம், இரண்டு பேரும் வாய் திறக்கவில்லை. இரண்டு மாதத்தில் றிஸ்மி கட்டாருக்குப் போய்விட்டான்.

அந்தக் கருவியைத்தான் ஜவுபர் இப்போது சார்ஜரில் மாட்டினான்.

அது எழும்பும்போது இரண்டு சின்ன மணியோசை கேட்கும். கேட்டது. உடனே ஜவுபரின் தலை ஒரு பக்கமாகத் திரும்பியது. சோல்டரிங் கம்பி கையிலிருந்து விழுந்து மேசை விரிப்பைப் பொசுக்கியது. அவன் கன்னத்தைப் பொத்திக்கொண்டு நின்றான்.

"கரண்ட் அடிச்சிட்டு" என்றான்.

கரண்ட் கையில் அடிக்கும், கன்னத்தில் எப்படி அடிக்கும் என்று கேட்டேன். சீனாச் சார்ஜரைத் திட்டினான். பைலை எடுத்து ஒரு செட்டில் போட்டுப் பார்த்தான். அதே மணியோசை, அதே பெயர், அதே வரி. அவன் இருமுவதுபோல ஒரு சத்தம் போட்டுக்கொண்டு வயிற்றைப் பிடித்தான். அல்சர் என்றான். எனக்குக் கடையில் ஏதோ ஒரு வாசனை வருவதுபோல இருந்தது. கிணற்றடியில் பாசி மணக்குமே, அது. கடையில் கிணறு ஏது? நான் வாசலைத் திறந்துவிட்டேன்.

பெயரை அழித்துவிடு என்று சொன்னேன். அழித்தால் பைல் கெட்டுப்போய் மறுபடி வெள்ளைத் திரை வரும், பிள்ளைகள் பெயரையா பார்க்கப் போகிறார்கள் என்றான். ஒன்று வேலை செய்தால் எல்லாம் செய்யும் என்று மற்றவற்றைப் போட்டுப் பார்க்கவுமில்லை. மெமரி கார்ட் அறுபதிலும் பைலைப் பிரதி எடுத்தான். பெருநாளைக்கு முன்னே ஐம்பத்தொரு செட் விற்றுப்போயின. வாங்கியவர்களிடம், காலையில் தொழுகை முடிந்த பிறகு பிள்ளைக்குக் கொடுங்கள் என்று சிரித்துச் சிரித்துச் சொன்னவன் நான்.

பெருநாள் காலை. திடல் தொழுகை முடிந்து, றுஸ்தாவின் வீட்டில் சாப்பிட உட்கார்ந்தோம். இடியப்பம், இறைச்சிக் கறி, வட்டிலப்பம். ஜவுபர் புதுச் சாரனும் வெள்ளைச் சட்டையும் போட்டிருந்தான். நல்ல வெயில். வேலிக்கு அப்பால் பக்கத்து வீட்டுச் சின்னப் பிள்ளை ஆதிலா சிரிப்பது கேட்டது.

பிறகு அந்த மணியோசை கேட்டது.

ஜவுபரின் தலை பின்னால் போய்ச் சுவரில் மோதியது. கோப்பை உருண்டது. கீழ் உதடு நடுவில் பிளந்து வெள்ளைச் சட்டையில் இரத்தம் இறங்கியது.

றுஸ்தா என்னைப் பார்த்தாள். நான் அடித்துவிட்டேனோ என்று நினைத்திருக்கிறாள்.

அவன் எழும்பப் பார்த்தான். இந்த முறை மணியோசை எதுவும் கேட்கவில்லை, ஆனாலும் அடி விழுந்தது. விலாவில். அவன் கதிரையோடு சரிந்தான். பிறகு முதுகில். பிறகு முகத்தில். ஒன்றுக்கும் மற்றதுக்கும் இடையில் மூச்சுவிட நேரமில்லை.

அவனுடைய தலைமயிர் நெற்றியிலிருந்து மேலே இழுபட்டு நின்றது.

தலை தரையில் மோதியது. மயிர் மறுபடி இழுபட்டது. மறுபடி மோதியது.

நான் அவன்மேல் விழுந்து கட்டிப்பிடித்தேன். என்மேல் ஒன்றும் படவில்லை. எனக்கு அடியில் அவனுடைய உடம்பு மட்டும் துள்ளியது. ஒவ்வொரு துள்ளலுக்கும் அவன் வாயிலிருந்து காற்று வெளியே வந்தது. அவனுடைய இடக்கை தரையில் விரிந்து கிடந்தது. அதன் மோதிரவிரல் மெல்ல நிமிர்ந்தது. பின்பக்கமாக வளைந்தது. இன்னும் வளைந்தது. முருங்கைக்காயை ஒடிக்கிற சத்தம் கேட்டது.

அப்புறம் நடுவிரல்.

வேலிக்கு அப்பால் மணியோசை. உடனே ஓர் அடி. கொஞ்ச நேரத்தில் மறுபடி மணியோசை. மறுபடி அடி.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. வேலியைப் பிய்த்துக்கொண்டு ஓடினேன். ஆதிலா விறாந்தையில் உட்கார்ந்து செட்டை அணைத்து அணைத்துப் போட்டுக்கொண்டிருந்தாள். பறித்தேன். பிள்ளை வீரிட்டது. திரையில் கமீலாவின் பெயர் இருந்தது, கீழே அந்த வரி.

நான் எதையும் பரிசோதிக்காமல் நம்புகிறவன் இல்லை. அணைத்தேன். எங்கள் பக்கம் அமைதியாக இருந்தது. போட்டேன்.

என் தங்கச்சி கத்திய கத்தல் இன்னும் காதில் இருக்கிறது. அந்த அடியைக் கொடுத்தது என் பெருவிரல்.

எத்தனை வீடுகளில், எத்தனை பிள்ளைகள், பெருநாள் பரிசைப் பிரித்து அந்த நேரம் கையில் எடுத்திருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். சாய்ந்தமருது, மருதமுனை, நிந்தவூர். ஒவ்வொரு செட்டும் எழும்பும்போது முதலில் ஓடுவது கமீலாவின் பைல். ஒவ்வொரு முறையும் ஓர் அடி.

ஜவுபரை ஆசுபத்திரிக்கு அனுப்பிவிட்டு மோட்டார் சைக்கிளை எடுத்தேன். வாங்கியவர்களில் பாதிப்பேரை எனக்குத் தெரியும், அவர்கள் மற்றப் பாதியைக் காட்டித் தந்தார்கள். பெருநாளன்று வீட்டுக்குள் புகுந்து பிள்ளைகளின் கையிலிருந்து விளையாட்டுச் சாமானைப் பறிக்கிற மனிசனை ஊர் என்னவென்று நினைக்கும்? பேட்டரி வெடிக்குமாம் என்று பொய் சொன்னேன். செட்டைப் போட்டு பைலை அழிக்கவும் முடியாது, போட்டாலே அங்கே அவனுக்கு விழும். கார்டைக் கழற்றிக் கழற்றிப் பைக்குள் போட்டேன். நிந்தவூரில் ஒரு பிள்ளை, கேம் நடுவில் நின்றுபோகிறது என்று காலையிலிருந்து விடாமல் அணைத்துப் போட்டுக்கொண்டிருந்ததாம். தாய் அதைப் பகிடியாகச் சொன்னாள். எனக்கு அழுகை வந்தது, அந்த வீட்டு வாசலிலேயே அழுதேன்.

பொழுதுபட்டு மஃரிபுக்குப் பாங்கு சொல்லும்போது கடைசிக் கார்டும் என் கையில் இருந்தது. எல்லாவற்றையும் கடைக்குக் கொண்டுபோய்ச் சுத்தியலால் தட்டித் தூளாக்கினேன். விற்காத ஒன்பதின் கார்டுகளையும் சேர்த்து. கணினியில் இருந்த பிரதியையும் அழித்தேன்.

அடி நின்றது.

இரண்டு விலா எலும்பு, மூன்று விரல், முன்பல் இரண்டு. யார் அடித்தது என்று டொக்டர் திரும்பத் திரும்பக் கேட்டார். ஜவுபர் விழுந்துவிட்டேன் என்றான். கிணற்றடியிலா என்று எனக்கு வாய்வரை வந்தது. அவன் கன்னத்தில் விரலடையாளம் நீலமாகக் கன்றிப்போயிருந்தது. சின்னக் கை. ஆம்பிளைக் கை இல்லை.

ஐந்தாம் நாள் அவனைப் பார்க்கப் போனேன். பெட்டிக்குள் கிடக்கிற அசல் கருவியை என்ன செய்தாய் என்று கேட்டான். அதையும் உடைக்கப் போகிறேன் என்றேன். உண்மையில் அதை உடைக்கத்தான் அன்று சுத்தியலை எடுத்தேன். சார்ஜ் இல்லாமல் செத்துக் கிடந்த அந்தக் கருவியின் ஓரத்தில் பச்சை லைட் எரிந்துகொண்டிருந்தது. எனக்குக் கை வரவில்லை.

"உடைக்காத மச்சான்" என்றான் ஜவுபர். பல் போன வாயால் மெதுவாகத்தான் கதைத்தான். "அது அமானிதம். உரியவவுட கையில குடுத்து, நடந்தத்தச் சொல்லி, மாப்புக் கேக்கணும். அவ இன்னும் நிப்பாட்டல்ல. நாமதான் நிப்பாட்டி வச்சிரிக்கம்."

அடுத்த நாள் லுஹர் தொழுகைக்குப் பிறகு த்ரீவீலரில் அவனை ஏற்றிக்கொண்டு சம்மாந்துறைக்குப் போனேன். கருவி ஒரு துணியில் சுற்றி என் மடியில் இருந்தது. வழியெல்லாம் வயல். நெல்லு மூட்டை ஏற்றிய ட்ரக்டர் ஒன்று முன்னால் ஊர்ந்துகொண்டிருந்தது. அரிசி ஆலைப் பக்கத்து ஒழுங்கையில் கமீலாவின் உம்மா, ஆமினா உம்மாவின் வீடு. கமீலாவின் விசயமாக வந்திருக்கிறோம் என்றதும் அவர் தன் வீட்டுக்குள் எங்களைக் கூப்பிடவில்லை. மதிலில் இருந்த சின்னக் கதவைத் திறந்து பக்கத்து வீட்டுக்குக் கூட்டிப்போனார்.

அது கமீலாவுக்குக் கட்டிய வீடு. ஒருவரும் குடியிருக்காத வீடு. சுவரில் பெயின்ட் மணம் இன்னும் போகவில்லை. யன்னல் கம்பிகளில் ஒட்டிவந்த பிளாஸ்டிக் தாளைக்கூட உரிக்கவில்லை. ஆலையின் இரைச்சல் தரையில் அதிர்ந்தது. மூன்று கதிரை போட்டு உட்கார்ந்தோம்.

ஜவுபர் எல்லாவற்றையும் சொன்னான். ஒன்றையும் விடவில்லை. குடும்ப விசயம் என்று சொன்னது நான் என்பதை மட்டும் அவன் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. ஆமினா உம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு கேட்டார். வழுக்கி விழுந்தாள் என்றுதான் இரண்டு வருசமாக அவர் நம்பியிருந்தார். மகளின் மையித்தைக் கடைசியாகக் குளிப்பாட்டக்கூட அவரை விடவில்லையாம். வந்து சேரும்போது எல்லாம் முடிந்திருந்ததாம்.

"எண்ட புள்ள எழுதினத்தக் காட்டுங்க" என்றார்.

வாயால் சொல்லியாகிவிட்டதே, போட்டால் அவனுக்கு அடி விழும் என்றேன். அவர் என்னைப் பார்க்கவேயில்லை. ஜவுபர் என் மடியிலிருந்து துணியை எடுத்து அவிழ்த்தான். மடிப்பைத் திறந்தான். பொத்தானை அழுத்தினான்.

மணியோசை.

அவனுடைய மூக்கு பக்கவாட்டில் திரும்பியது. இரத்தம் புதுத் தரையில் தெறித்தது. கதிரையிலிருந்து விழாமல் இருக்க அவன் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டான்.

ஆமினா உம்மா கத்தவில்லை. எழும்பி வந்து அவனுடைய தாடையைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினார். புதிதாகச் சிவந்த விரலடையாளத்தின்மேல் தன் விரல்களை ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்தார்.

"சின்ன விரல் வளைஞ்சிரிக்கி பாருங்க" என்றார். "மதர்சாக் கதவுல நசிஞ்ச விரல். இது எண்ட புள்ளட கை."

அந்த முகத்தை நான் என்னவென்று சொல்வது? சந்தோசம் என்றுதான் சொல்ல வேண்டும்.

"இன்னொருக்காப் போடுங்க மகன்."

நான் எழும்பினேன். ஜவுபர் கையைக் காட்டி என்னை இருத்தினான். மாப்புக் கேட்க வந்தவன், அவர் சொல்வதைச் செய்யாமல் விட அவனுக்கு மனமில்லை. அழுத்தினான். இந்த முறை விலாவில். கட்டுப்போட்ட அதே இடத்தில். அவன் தரையில் மடிந்தான். ஆமினா உம்மா பக்கத்தில் குந்தி அவன் சட்டையைத் தூக்கி, அடி பட்ட இடத்தைத் தடவினார். குழந்தையைத் தடவுவதுபோலத் தடவினார்.

"இன்னொருக்கா."

அவனுக்கு விரல் வரவில்லை. அவரே வாங்கி அழுத்தினார். எந்தப் பொத்தான் என்று பார்த்து வைத்திருந்தார்.

முதுகில்.

மறுபடி. வாயில்.

பாசி மணம் அறை முழுக்க இருந்தது. ஜவுபர், மௌத்துக்கு முன் சொல்கிற கலிமாவைச் சொல்லத் தொடங்கினான். போதும் உம்மா என்று நான் அவர் காலைப் பிடித்தேன். என் தங்கச்சி விதவையாகிவிடுவாள் என்றேன். அவர் என்னைத் தள்ளவில்லை, நான் சொன்னது காதில் விழுந்ததாகவும் தெரியவில்லை. திரையைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"எழுத்து மாறியிரிக்கி" என்றார். "எனக்கு இங்கிலீசு ஏலா. என்ன எழுதியிரிக்கா எண்டு பாருங்க மகன்."

வாங்கிப் பார்த்தேன். பெயர் அதேதான். கீழே இருந்த வரி வேறு.

உம்மா இன்னும் போடுங்க.

ஜவுபர் தரையில் ஒருக்களித்துக் கிடந்தான். மூச்சு இழுக்கும்போது சலசலவென்று கேட்டது. இன்னும் இரண்டு, அல்லது மூன்று. அதற்குமேல் அவன் தாங்கமாட்டான்.

"போதும் உம்மா எண்டு எழுதியிரிக்கா" என்றேன்.

ஆமினா உம்மா வெகுநேரம் என் முகத்தையே பார்த்தார். பிறகு கருவியை வாங்கி மூடினார். நெஞ்சில் வைத்துக்கொண்டு அப்போதுதான் அழுதார். அவள் போதும் என்றால் தனக்கும் போதும் என்றார். ஜவுபரின் தலையில் கைவைத்து மாப்புக் கொடுத்தார். நான் அவனைத் தூக்கித் த்ரீவீலரில் போட்டேன். கல்முனை வரும்வரை அவன் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. ஆங்கில எழுத்து அவனுக்கும் தெரியும். கிடந்த இடத்திலிருந்து அவனுக்குத் திரை தெரிந்ததா என்று எனக்குத் தெரியாது.

ஒன்பது நாள் ஒன்றும் நடக்கவில்லை. ஜவுபர் கஞ்சி குடித்தான், நடந்தான், றுஸ்தா சிரித்தாள். பத்தாம் நாள் காலை, வீட்டில் இருக்கப் பைத்தியம் பிடிக்கிறது என்று கடைக்கு வந்தான். விரலில் கட்டோடு உள்ளே மேசையில் உட்கார்ந்து போன் ஒன்றைப் பிரிக்கத் தொடங்கினான். நான் முன்னால் நின்று ஒருவரிடம் வழமைபோலச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தேன். வாழ்க்கை திரும்பிவிட்டது என்று நினைத்தேன்.

பத்து மணிபோல ஒரு த்ரீவீலர் வந்து நின்றது. ஆமினா உம்மா இறங்கினார். தனியாகத்தான் வந்திருந்தார். நான் அவரை உள்ளே வரச் சொல்லிக் கதிரை போட்டேன். அவர் அதில் இருந்துகொண்டு, துணியை அவிழ்த்து, கருவியை மேசைமேல் வைத்தார். தான் மூடித்தான் வைத்ததாகவும், அலுமாரிக்குள் அது தானாகத் திறந்து கிடந்ததாகவும் சொன்னார்.

நான் பார்த்தேன்.

அந்தக் கருவி செய்யப்பட்ட நாட்டில் தமிழ் என்று ஒரு எழுத்து இருப்பதே தெரியாது. அதன் பைலுக்குள் தமிழ் எழுத்து கிடையாது. இருக்க இடமும் கிடையாது. ஜவுபர் அதைப் பிரித்துப் பார்த்தபோது பக்கத்தில் நின்றவன், எனக்குத் தெரியும்.

பெயருக்குக் கீழே தமிழில் ஒரு வரி இருந்தது.

உம்மா அவன் பிழையா வாசிச்சிட்டான்.

"இந்த முற எனக்கே வாசிக்க ஏலுது மகன்" என்றார் ஆமினா உம்மா. குரலில் கோபமே இல்லை. பெருவிரலைப் பொத்தான்மேல் வைத்தார்.

மணியோசை கேட்டது. உள்ளே ஜவுபர் இரண்டு கையாலும் தலையைப் பொத்திக்கொண்டான்.

அடி அவனுக்கு விழவில்லை.